அந்த வீட்டில் சொல்லாத பெயர்

என் மகனுக்கு ஐந்தரை மாதம் வரை பெயர் இல்லை. எல்லோரும் ‘சுது புத்தா’ என்று கூப்பிட்டார்கள். வெள்ளை மகன். எங்கள் மலையூர் மீப்பிலிமானவில் வீட்டுக்கு ஒரு சுது புத்தா இருக்கிறான். பக்கத்து வீட்டுச் சுது புத்தாவுக்கு நாற்பது வயதாகிறது. கிழங்கு லொறி ஓட்டுகிறார். நல்ல கறுப்பு.

பெயர் இல்லாவிட்டாலும் எழுத்து இருந்தது. பிள்ளை பிறந்த செய்தி கேட்ட மறுநாளே என் மாமியார் குசுமலதா, சந்தியில் இருக்கும் ஜோதிடரிடம் போய் வந்துவிட்டார். அனுஷ நட்சத்திரம். ந, நி, நு, நெ என்ற எழுத்துகளில் ஒன்றில் பெயர் தொடங்க வேண்டும். பெயரைப் பற்றிப் பேசலாம். பிள்ளையைப் பார்த்துக் கூப்பிடக் கூடாது. முதன்முதல் சோறூட்டும் நாளில், குறித்த நல்ல நேரத்தில், தகப்பன் அவனை அந்தப் பெயரால் உரக்கக் கூப்பிட வேண்டும். அதற்குப் பிறகுதான் மற்றவர்கள். அந்த வீட்டு வழக்கம் அது.

தகப்பன் அசித கொரியாவில் இருந்தார். கார்களுக்கு ரப்பர் வளையம் செய்யும் தொழிற்சாலை ஒன்றில் வேலை. பிள்ளையைத் தொலைபேசியில் மட்டும்தான் பார்த்திருந்தார்.

நான் நுவரெலியா வானிலை நிலையத்தில் அவதானிப்பாளர். பௌதிகவியல் படித்தேன். ஊர் தெற்குக் கடற்கரையில் மாத்தறை. வெப்பமானிகளைப் படிப்பதும், மேகங்களைப் பார்ப்பதும், மழைமானியில் சேர்ந்த தண்ணீரை அளந்து ஊற்றுவதும் என் வேலை. அதிகம் பேச வேண்டியதில்லை என்பதால் அந்த வேலை எனக்குப் பிடிக்கும். நட்சத்திரத்தில் எனக்கு நம்பிக்கை இல்லை. அதனால் எழுத்து வந்தபோது ஒன்றும் கேட்கவில்லை. எந்த நேரத்தை வைத்துப் பார்த்தார்கள் என்றுகூடக் கேட்கவில்லை.

பெயர் தேடும் வேலையை அசிதவின் தங்கை நிலுகா எடுத்துக்கொண்டாள். அவள் டவுனில் ஒரு போன் கடையில் நிற்கிறாள். வேலை முடிந்து வரும்போது தினமும் ஒரு பெயர் கொண்டுவருவாள்.

“அக்கா, இண்டைக்கு முடிவு. நெதுக.”

“என்ன அர்த்தம்?”

“நெத் எண்டா கண். கண் மாதிரி ஒரு… கண்ணான ஆள்.”

“உக எண்டா?”

“அது ஸ்டைலுக்கு. எங்கட கடை அக்காவின்ர மகன் தெனுக. கீழ் வீட்டில செனுக. நேர்சரியில போய் ‘உக’ எண்டு கூப்பிட்டா பாதிப் பிள்ளையள் எழும்பும்.”

“அப்ப எங்கட பிள்ளையும் எழும்புவான்.”

“எழும்பட்டுமே! தனிய இருக்காம எழும்பட்டும்.”

அவள் சிரித்தாள். மாமியாரும் சிரித்தார். நெதுக என்று முடிவாயிற்று. அசிதவிடம் போனில் சொன்னபோது, “அம்மாக்குப் பிடிச்சாச் சரி,” என்றார். பிறகு ஷிப்ட் நேரமாகிவிட்டது என்று வைத்துவிட்டார்.

எனக்குள் வேறொரு பெயர் இருந்தது. ந-வில் தொடங்காத பெயர். அதனால் அதை யாரிடமும் சொல்லவில்லை.

அசிதவை நான் முதலில் பார்த்தது நிலையத்தின் கம்பி வேலிக்கு வெளியே. ஜனவரி மாதம். தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார். முழங்கால் வரை சேறு.

“மிஸ், இண்டைக்குத் துஷாரம் விழுமா?”

மாத்தறையில் துஷார என்பது ஒரு ஆண்பிள்ளைப் பெயர். என் பள்ளிக்கூடத்தில் இரண்டு துஷாரக்கள் இருந்தார்கள். ‘பனி’ என்று அகராதியில் இருக்கும். வியர்வையைத் துடைத்துக்கொண்டே அந்தப் பெயரைக் கூப்பிடுவோம். கண்ணால் கண்டவர் எவரும் இல்லை. அந்தச் சொல்லை ஒரு மனிதர் உண்மையான பொருளுக்காக, பயத்தோடு கேட்டது எனக்கு அன்றுதான் முதல் தடவை.

வானம் தெளிந்திருந்தது. காற்று இல்லை. இப்படியான இரவுகளில் நிலத்தின் சூடு தடையில்லாமல் மேலே போய்விடும். புல் உறையும். “விழும்,” என்றேன்.

“அப்ப விடிய முதல் கிழங்குக்குத் தண்ணி அடிச்சுக் கழுவவேணும்,” என்று சொல்லிவிட்டுப் போனார்.

அடுத்த நாள் விடியலில் நிலையத்துப் புற்களின் மேல் அதைப் பார்த்தேன். ஒவ்வொரு புல்லின் ஓரத்திலும் வெள்ளை முட்கள். குனிந்து மூச்சு விட்டால் உருகின. இந்த நாட்டில் இவ்வளவு அழகான ஒன்று இருக்கிறது என்று எனக்கு ஒருவரும் சொன்னதில்லை. அன்று மாலை அசித மறுபடியும் வந்தார். அந்த ஜனவரி முழுக்க வந்தார். மேகம் மூடியிருந்த நாள்களிலும் வந்து கேட்டார். மேகம் இருந்தால் விழாது என்று மீப்பிலிமானவில் குழந்தைக்கும் தெரியும்.

பெயர் முடிவாகி ஒரு வாரம் இருக்கும். நானும் மாமியாரும் குசினியில் லீக்ஸ் துப்பரவு செய்துகொண்டிருந்தோம். பிள்ளை பாயில் கிடந்து விளக்கைப் பார்த்துச் சிரித்தான்.

“பார், விளக்கைக் கண்டாச் சிரிக்கிறான்,” என்றார் மாமியார். “விளக்கு வைக்கிற நேரம் பிறந்தவன் எல்லே. அவனுக்குத் தெரியும்.”

“மத்தியானம் அம்மா,” என்றேன்.

“என்ன மத்தியானம்?”

“பிறந்தது. வார்டில சாப்பாட்டுத் தட்டு எடுக்க வந்தவை. அதுக்குக் கொஞ்சம் முதல்தான். ஜன்னலால நல்ல வெயில்.”

அவர் கத்தியைக் கீழே வைத்தார். “அசித சொன்னானே. அண்டிரவு போன் எடுத்து, ‘அம்மா, பிள்ளை பிறந்திட்டுது’ எண்டு நேரமும் சொன்னான். நான் நாளும் நேரமும் அப்பிடியே ஜோதிடரிட்டக் குடுத்தன்.”

நாங்கள் இருவரும் ஒருவரையொருவர் பார்த்தோம். எனக்குத்தான் முதலில் விளங்கியது. ஆஸ்பத்திரியில் ஒரு நர்ஸ் தன் போனைத் தந்தார். நான் அசிதவிடம் அழுதுகொண்டு சொன்னேன். அசித தன் போனில் நேரத்தைப் பார்த்திருக்கிறார். அது கொரியாவின் நேரம். அங்கே அப்போது பின்னேரம்.

சொன்னேன். சொல்லும்போது என் குரல் வழக்கம்போல் தாழ்ந்துவிட்டது. அவர் இரண்டாம் தடவை சொல்லச் சொன்னார்.

நிலுகா வந்ததும் செய்தி கேட்டு நிலத்தில் உட்கார்ந்தே சிரித்தாள். “கொரியா நேரத்துக்குப் பிறந்த பெடியன்! அம்மா, நீங்க கும்பிட்ட நட்சத்திரமும் கொரியாவின்ரதுதான்.”

“வாயை மூடு.”

“ஐயோ, சோறூட்டுற நாள் கேக்கில எழுதக் கடையில பேர் குடுத்திட்டனே!”

மாமியார் மறுநாள் மறுபடியும் ஜோதிடரிடம் போனார். மழை இல்லை. ஆனாலும் குடையைத் தாழ்த்திப் பிடித்துக்கொண்டு போனார். திரும்பி வந்து சேலை மாற்றினார். பிறகு சொன்னார்: “விசாகம். தி, து, தெ, தொ.”

எனக்குள் இருந்த பெயரின் எழுத்து அதில் இருந்தது. நம்பாத ஒன்றிடமிருந்து பரிசு வாங்கியதுபோல் இருந்தது.

“தினுக!” என்றாள் நிலுகா உடனே.

“நீ சும்மா இரு,” என்றார் மாமியார். “மகள் சொல்லட்டும். நேரம் அவளுக்குத்தான் தெரிஞ்சது. மகள், நீ சொல்லு.”

அந்த வீட்டில் என்னிடம் ஒன்றைக் கேட்டு, பதிலுக்காகக் காத்திருந்தது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன்.

“துஷார,” என்றேன்.

நிலுகாவுக்கு மறுபடி சிரிப்பு. “அக்கா, அது பஸ் கண்டக்டர்மாரின்ர பேர். எங்கட பி.டி. சேரும் துஷார. தொந்தி இப்பிடி. பேர் வைக்கேக்கையே பிள்ளைக்கு நாப்பது வயசாயிடும்.”

நான் மாமியாரைப் பார்த்தேன். அவர் சிரிக்கவில்லை. கோபமும் இல்லை. எழுந்து வெளியே போனார். கோழிக்கூட்டைப் பூட்டினார். ஏற்கெனவே பூட்டியிருந்த கூடு.

மறுநாள் காலை என்னைத் தோட்டத்துக்குக் கூப்பிட்டார். பிள்ளையைத் துவாயில் சுற்றி இடுப்பில் வைத்துக்கொண்டு போனேன். கிழங்கு அப்போதுதான் முளைத்திருந்தது. அவர் வரம்பில் நின்றார்.

“நீ கீழ் நாட்டுப் பிள்ளை. உனக்கு அது வடிவு, அழகு. தெரியும். இந்த வீட்டில அந்தச் சொல்லைச் சொல்லுறதில்ல. நீ கவனிச்சியோ தெரியாது.”

யோசித்துப் பார்த்தேன். உண்மைதான். ‘அது’ என்றுதான் சொல்வார்கள். ‘இண்டைக்கு அது வரும்போல.’ ‘அது மேல் தோட்டத்தில இறங்கியிருக்கு.’ என்னிடம் கேட்க வந்த அசித மட்டும்தான் பெயரைச் சொன்னார். அரசாங்கத்து மிஸ் என்பதால் இருக்கலாம்.

“அந்த வருசம் விடிய எழும்பி வந்து பாத்தன்,” என்றார். “தோட்டம் முழுக்கக் கலியாண வீடு மாதிரி வெள்ளை. தண்ணி அடிச்சோம். நானும் அடிச்சன், நிலுகாவும் அடிச்சாள். மோட்டர் நிண்டிட்டுது. வாளியால அள்ளினோம். வெயில் ஏறினது. எல்லாம் கறுத்துது. அவிச்ச கீரை மாதிரி. அசித இந்த இடத்திலதான் இருந்தான். அழவும் இல்ல. பகல் முழுக்க இருந்தான். பிறகுதான் கொரியாவுக்குப் போகவெண்டு கொரியன் கிளாசுக்குப் போனவன்.”

அதற்கு முந்தின மாலையும் அசித நிலையத்துக்கு வந்திருந்தார். விழும் என்று சொன்னேன். விழுந்தது. தெரிந்திருப்பது வேறு, மோட்டர் ஓடுவது வேறு.

“அதுதான் என்ர பிள்ளையைக் கொண்டுபோனது,” என்றார் மாமியார். “அதை நான் தொட்டில்ல போட்டு ஆட்டவேணுமா மகள்?”

அதுதான் அசிதவை என்னிடம் கொண்டுவந்தது என்று சொல்ல நினைத்தேன். பிள்ளை என் தோளில் எச்சில் வடித்துக்கொண்டிருந்தான். நான் தலையாட்டினேன். எதற்கு ஆட்டினேன் என்று அவருக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது.

அன்றிரவு அசிதவுக்கு எடுத்தேன். நேரம் பிழைத்த கதை அவருக்கு நல்ல வேடிக்கையாக இருந்தது. “கையில இருக்கிற போனைப் பாக்காம வேற எதைப் பாக்கிறது?” என்று சிரித்தார். அறையில் இருந்த மற்ற ஆள்களுக்கும் சொன்னார். அவர்களும் சிரித்தது கேட்டது.

“துஷார எண்டு வைக்க விருப்பம்,” என்றேன்.

சிரிப்பு நின்றது. “அம்மா செத்துப்போவா.”

“நீங்கதான் அந்தச் சொல்லை எனக்குச் சொன்னது. வேலிக்கு வெளியால நிண்டு.”

“எந்த வேலி?”

“நிலையத்து வேலி. ‘இண்டைக்குத் துஷாரம் விழுமா மிஸ்’ எண்டு. மேகம் இருந்த நாளிலயும் வந்து கேட்டீங்க.”

“அதா? அந்த வருசம் நான் எல்லாரையும் கேட்டனான். பஸ் டிரைவரைக் கேட்டனான். பன்சலை பிக்கு ஹாமுதுருவையும் கேட்டனான்.” மறுபடி சிரித்தார். பிறகு அவருக்கே ஏதோ பட்டிருக்க வேண்டும். “உத்பலா, எனக்கு இங்க ஜன்னலத் திறந்தா அதுதான். பனியை அள்ளிப்போட்டுத்தான் வேலைக்குப் போறோம். பேருக்கும் அதுவா?”

“உங்களுக்கு எந்தப் பேர் விருப்பம்?”

“அம்மாவும் நீயும் கதைச்சு ஒண்டச் சொல்லுங்கோ. நான் சொல்லுறன்.”

அந்த வேலியும் தொப்பியும் சேறும் எனக்குள் அப்படியே இருந்தன. ஆனால் அதற்கு இரண்டாவது சாட்சி இல்லை. ஒருவர் மட்டும் எடுத்த அளவை நிலையத்தில் நாங்கள் ‘உறுதிசெய்யப்படவில்லை’ என்று குறிப்போம். அது பிழையென்று அர்த்தமில்லை.

சோறூட்டும் நாள் ஜனவரியில், ஒரு வேலைநாளில் விழுந்தது. தொழிற்சாலைக்குள் போன் கொண்டுபோக முடியாது. அதனால் அசித குரலைப் பதிந்து நிலுகாவுக்கு அனுப்பியிருந்தார். அதில் எந்தப் பெயரைச் சொல்லியிருக்கிறார் என்று எனக்குத் தெரியாது. மாமியாரும் நானும் அதற்குப் பிறகு பெயரைப் பற்றிப் பேசவில்லை. அவர் நிலுகாவின் தினுகவை ஏற்கவும் இல்லை, மறுக்கவும் இல்லை. கேக்கில் பெயர் எழுதவில்லை. நடுவில் ஒரு வாத்து வரைந்திருந்தார்கள்.

எண்ணெய் விளக்கு ஏற்றினார்கள். பால்சோறு, கொண்டைப் பணியாரம், கொக்கிஸ், வாழைப்பழம். பிள்ளைக்கு வெள்ளைச் சட்டை. கிழக்கே பார்த்து என் மடியில் இருந்தான். பக்கத்து வீட்டுச் சுது புத்தா சேர்ட்டின் மேல் பொத்தானைப் பூட்டிக்கொண்டு மரியாதையாக நின்றார். கழுத்து அவருக்கு இறுகியது.

“நேரம்,” என்றார் மாமியார்.

நிலுகா போனை உயர்த்திப் பிடித்தாள். பின்னால் ஏதோ இயந்திரத்தின் இரைச்சல். பிறகு அசிதவின் குரல்.

“சுது புத்தா… அப்பா கதைக்கிறன். நல்லாச் சாப்பிடு. அம்மாவை, ஆச்சியைக் கரைச்சல் படுத்தாத. கெதியா வளரு. சுது புத்தா… என்ர தங்க மகன்…”

அவ்வளவுதான். இரைச்சல் நின்றது.

நிலுகா போனைத் திருப்பிப் பார்த்தாள். இன்னும் ஏதாவது இருக்கிறதா என்று தட்டிப் பார்த்தாள். “முடிஞ்சுது,” என்றாள்.

அசித ஒருவரையும் நோகடிக்காமல் தப்பிவிட்டார். எனக்கு அவர்மேல் கோபம் வரவில்லை. அவ்வளவு தூரத்தில் இருந்துகொண்டு இன்னொன்றை இழக்க அவருக்குத் தைரியம் இல்லை. அது எனக்கு விளங்கியது. ஆனால் பிள்ளை என் மடியில் இருந்தான். நேரம் போய்க்கொண்டிருந்தது.

“ஆராவது கூப்பிடுங்கோவன்,” என்றார் பக்கத்து வீட்டுக்காரர், கழுத்தைத் தடவிக்கொண்டு. “சொல்லாம விட்டா என்னை மாதிரிக் கிழவனாகியும் சுது புத்தாதான்.”

எல்லோரும் மாமியாரைப் பார்த்தார்கள். அவர் விளக்கைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவரால் நெதுக என்று சொல்ல முடியாது, அது கொரியாவின் நேரம். தினுக என்று சொல்லியிருக்கலாம். சொல்லியிருந்தால் நான் ஒன்றும் பேசியிருக்க மாட்டேன். அவர் சொல்லவில்லை. என்னிடம் கேட்டு நான் கொடுத்த பதில் அவர் கையில் இருந்தது. அதை வாயில் போடவும் முடியவில்லை, கீழே போடவும் முடியவில்லை.

“துஷார,” என்றேன்.

என் குரல் எனக்கே பெரிதாகக் கேட்டது. பிள்ளை திரும்பி என் தாடையைப் பிடித்தான். நான் கொஞ்சம் சோற்றை அவன் வாயில் வைத்தேன். முகத்தைச் சுளித்தான். பிறகு விழுங்கினான்.

யாரும் அந்தப் பெயரைத் திருப்பிச் சொல்லவில்லை. மாமியார் எழுந்து வந்து அவன் நெற்றியைத் தொட்டார். தட்டுகளை எடுத்து எல்லோருக்கும் பரிமாறத் தொடங்கினார். என் தட்டில் இரண்டு பணியாரம் வைத்தார்.

பிரசவ லீவு முடிந்து நான் வேலைக்குப் போனேன். பகலில் மாமியார்தான் பிள்ளையைப் பார்த்தார். வீட்டில் அவன் இன்னும் சுது புத்தா. நிலுகா, “பி.டி. சேர் எழும்பிட்டாரா?” என்பாள். அசித போனில் ‘மகன்’ என்பார். பெயர் என் வாயில் மட்டும் இருந்தது. குளிப்பாட்டும்போது கூப்பிடுவேன். பஸ் ஏறும்முன் கூப்பிடுவேன். ஒரு பெயரை ஒருவர் மட்டும் சொல்லும்போது அது பெயரா, அல்லது தனக்குத்தானே பேசுவதா என்று சில நாள்களில் சந்தேகம் வரும்.

மாத முடிவில் ஒரு பின்னேரம். வானத்தில் ஒரு மேகமும் இல்லை. காற்றுக் கொடி தொங்கிக் கிடந்தது. ஈரக்குமிழ் வெப்பமானியைப் படித்துவிட்டு உள்ளே வந்தபோது போன் அடித்தது. அந்த நேரத்தில் தோட்டக்காரர்கள் எடுப்பார்கள். எல்லோருக்கும் ஒரே கேள்வி.

“மகள்.” மாமியார்.

“சொல்லுங்கோ அம்மா.”

“இண்டைக்கு அது விழுமா?”

அவர் ஒருபோதும் நிலையத்துக்கு எடுத்ததில்லை. வீட்டில் நான் இருக்கும்போதும் என்னிடம் கேட்டதில்லை. வானத்தைத் தானே பார்த்துக்கொள்வார்.

“விழும் அம்மா. விடியப்புறம். கடுமையா.”

“ம்.”

வைக்கவில்லை. அந்தப் பக்கத்தில் பிள்ளையின் சத்தம் கேட்டது. கரண்டியால் எதிலோ தட்டுகிறான்.

“அவனின்ர காதில போனை வையுங்கோ அம்மா.”

கொஞ்சம் தயங்கினார். பிறகு துணி உரசும் சத்தம். கரண்டிச் சத்தம் நின்றது. சின்ன மூச்சு ஒன்று கேட்டது. அதற்குப் பின்னால், மிகக் கிட்ட, இன்னொரு மூச்சு. போனைப் பிடித்திருப்பவரின் காதிலும் என் குரல் விழும் என்று எனக்குத் தெரியும்.

“துஷார,” என்றேன். “துஷார.”

இரண்டு மூச்சுகளும் அசையாமல் இருந்தன. ஜன்னலுக்கு வெளியே புல் மெல்ல மெல்லக் குளிர்ந்துகொண்டிருந்தது.

“கேட்டிட்டான்,” என்றார் மாமியார். “வைக்கிறன் மகள். மோட்டரைப் பாக்கவேணும்.”